பிள்ளைக்கும் வாய்தாவா?

"குழந்தையின் நலனே பிரதானம்" என்கிறது சட்டம். காதுக்கு இனிமையாகத்தான் இருக்கிறது. 1890-ம் வருஷத்துக் கார்டியன் சட்டம் மைனரின் நலனைப் பார் என்கிறது. 1956-ம் வருஷத்து இந்து மைனர் கார்டியன் சட்டம் அந்த நலனே தலையாயது என்கிறது. ஜில்லாக் கோர்ட்டிலிருந்து டில்லி சுப்ரீம் கோர்ட்டு வரை, பிள்ளை வழக்கில் எழுதப்படும் தீர்ப்பு ஒவ்வொன்றும் இந்த மந்திரத்தை ஓதிவிட்டுத்தான் ஆரம்பிக்கிறது.

நாம் கேட்பது ஒன்றே ஒன்றுதான். அந்த நலனை அளக்கிற மரக்கால் யார் கையில் இருக்கிறது? களத்துமேட்டில் கூலி நெல் அளந்த மரக்கால் யார் கையில் இருந்தது, யார் வயிற்றில் அடித்தது என்பதை விவசாயத் தொழிலாளிக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. கோர்ட்டு மரக்காலும் அதே மரத்தில் கடைந்ததுதான். ஏழை கொடுக்கும்போது கோபுரமாக வாங்கும். ஏழைக்குக் கொடுக்கும்போது தலை தட்டி அளக்கும்.

திருக்கோகர்ணத்திலிருந்து தினமும் விடியற்காலை நடவுக்கும் களையெடுப்புக்கும், ஆலைக்கும், கட்டட வேலைக்கும் கிளம்பிப் போகிற பெண்களில் ஒருத்தியை நினைத்துக்கொள்ளுங்கள். புருஷன் அடித்து விரட்டிவிட்டான்; அல்லது வேறு குடும்பம் வைத்துக்கொண்டான். மூன்று வயதுப் பிள்ளையை அவன் வீட்டார் பிடித்து வைத்துக்கொண்டார்கள். அவள் முதலில் ஊர்ப் பெரிய மனிதர்களிடம் போகிறாள். "பிள்ளை அவன் ரத்தம், நீ போய் உன் பிழைப்பைப் பார்" என்கிறார்கள். போலீஸ் ஸ்டேஷனுக்குப் போகிறாள். "இது குடும்ப விவகாரம், கோர்ட்டுக்குப் போ" என்கிறார்கள். கோர்ட்டுக்குப் போகிறாள். அங்கே அவளுக்குக் கிடைப்பது பிள்ளை அல்ல, ஒரு தேதி.

வாய்தாவே தீர்ப்பாகிறது

இந்தத் தேதி விஷயத்தைச் சற்று நிதானமாகப் பார்க்க வேண்டும். அக்கிரமத்தின் ஆணிவேர் அங்கேதான் இருக்கிறது.

நிலத் தகராறு பத்து வருஷம் நடக்கலாம். நிலம் அங்கேயே கிடக்கும். வரப்பு நகர்ந்தால் சர்வேயரை வைத்து அளந்து மீட்டுவிடலாம். வீட்டு வழக்கு நடக்கட்டும், கடன் வழக்கு நடக்கட்டும். வட்டி ஏறும், அவ்வளவுதான். ஆனால் பிள்ளை? மூன்று வயதில் "அம்மா" என்று கையை நீட்டிய பிள்ளை, வழக்கு முடியும்போது ஆறு வயதாகி, "இந்த அம்மாள் யார்?" என்று அப்பத்தாளிடம் கேட்கிறது. இடையில் போன மூன்று வருஷத்தை எந்தக் கோர்ட்டு டிகிரி போட்டு வாங்கித்தரும்?

நோட்டீஸ் சார்வாகவில்லை என்று ஒரு வாய்தா. எதிர்தரப்பு வக்கீல் வெளியூர் என்று ஒரு வாய்தா. பதில் மனு தயாரில்லை என்று ஒரு வாய்தா. சமரசப் பேச்சு என்று அனுப்பி, அங்கே புருஷன் வராததால் இரண்டு வாய்தா. ஜட்ஜ் மாற்றலாகிப் போனார், புது ஜட்ஜ் வரவில்லை என்று இன்னும் சில. ஒவ்வொரு தேதிக்கும் அவளுக்கு ஒருநாள் கூலி போகிறது. ஆலையாக இருந்தால் கூலியோடு போகாது. அடிக்கடி லீவு போடுகிறவள் என்று மேஸ்திரி கணக்கு வைத்துக்கொள்கிறான்.

கடைசியில் விசாரணைக்கு வரும்போது எதிர்தரப்பு வக்கீல் எழுந்து நின்று என்ன சொல்கிறார்? "பிள்ளை மூன்று வருஷமாக இங்கேதான் வளர்கிறது. இந்தப் பள்ளிக்கூடம் பழகிவிட்டது. இப்போது பிடுங்கி வேறிடத்தில் நட்டால் குழந்தையின் நலன் கெடும்." எப்படி இருக்கிறது நியாயம்! பிள்ளையை அமுக்கிவைத்தவனே, அமுக்கிவைத்த காலத்தைக் காட்டி உரிமை கேட்கிறான். வாய்தா வாங்கினவன் பிள்ளையையே வாங்கிவிட்டான். பல சமயம் ஏழைத் தாய் தீர்ப்பினால் பிள்ளையை இழப்பதில்லை. தீர்ப்பு வருவதற்கு முன்பே, தேதி தேதியாக இழந்துவிடுகிறாள். ஜட்ஜ் நல்லவராகவே இருக்கலாம். அவர் பேனாவைத் திறப்பதற்குள் காலம் தீர்ப்பை எழுதிவிடுகிறது.

"இயற்கைக் கார்டியன்" யார்?

இனி சட்டத்துக்கே வருவோம். 1956-ம் வருஷச் சட்டத்தின் 6-வது பிரிவு, இந்து மைனர் பிள்ளைக்கு இயற்கைக் கார்டியன் "தகப்பன், அவனுக்குப் பிறகு தாய்" என்கிறது. ஐந்து வயது முடியாத பிள்ளை சாதாரணமாகத் தாயிடம் இருக்கட்டும் என்று ஒரு சலுகையும் கொடுக்கிறது. அதாவது பாலூட்ட, மலம் துடைக்க, காய்ச்சலில் கண் விழிக்கத் தாய் வேண்டும். பிள்ளை எழுந்து நடந்து, நாலு எழுத்துப் படிக்க ஆரம்பித்தால் தகப்பன் முதலிடத்துக்கு வந்துவிடுவான். இது இயற்கையா? பத்து மாதம் சுமந்தவள் இரண்டாமிடம் என்பது எந்த நாட்டு இயற்கை?

இந்தப் பிரிவு வானத்திலிருந்து விழுந்ததல்ல. பெண்ணுக்குச் சொத்துரிமையும் மணவிலக்கு உரிமையும் தரும் இந்து சட்டத் தொகுப்பு மசோதாவைச் சனாதனிகளும் பணமூட்டைகளும் சேர்ந்து எதிர்த்தார்கள். அதை நிறைவேற்றாமல் இழுத்தடித்ததைக் கண்டித்து டாக்டர் அம்பேத்கர் 1951-ல் மந்திரி பதவியை விட்டே வெளியேறினார். பிறகு அந்த மசோதாவைத் துண்டு துண்டாக்கி, 1955-லும் 1956-லும் நாலு சட்டமாக நிறைவேற்றினார்கள். முன்னேற்றம்தான், மறுக்கவில்லை. ஆனால் தகப்பன் என்ற எஜமானனைப் பீடத்திலிருந்து இறக்காமலே நிறைவேற்றினார்கள்.

முஸ்லிம் தாய்க்கும் இதே கதைதான். சிறு வயதில் பிள்ளையை வளர்க்கும் உரிமை அவளுக்கு உண்டு. கார்டியன் என்ற அதிகாரம் தகப்பனுக்கு. மதம் எதுவானாலும் உழைப்பு தாய்க்கு, உரிமை தகப்பனுக்கு என்பதில் மட்டும் எல்லோரும் ஒற்றுமையாக இருக்கிறார்கள்!

எழுத்தாளர் கீதா ஹரிஹரன் 1984-ல் தன் மகன் பேரில் ரிசர்வ் பாங்குப் பத்திரம் வாங்க விண்ணப்பித்தார். "தகப்பன் கையெழுத்து வேண்டும்" என்று பாங்கு திருப்பி அனுப்பியது. காசு அவருடையது, பிள்ளை அவருடையது, கையெழுத்து மட்டும் புருஷனுடையதாக இருக்க வேண்டுமாம்! அவர் சுப்ரீம் கோர்ட்டு வரை போனார். 1999-ல் தீர்ப்பு வந்தது. "பிறகு" என்றால் தகப்பன் இறந்த பிறகு என்று மட்டும் அர்த்தமில்லை. அவன் பிள்ளையைக் கவனிக்காமல் விலகி நிற்கும்போதும் தாயே கார்டியன் என்று கோர்ட்டு பொருள் சொன்னது.

நல்ல தீர்ப்பு. ஆனால் சட்டத்தின் வாசகம்? இன்றும் அப்படியே நிற்கிறது. சட்டக் கமிஷன் 1989-லேயே இதைத் திருத்தச் சொன்னது. 2015-ல் மறுபடியும் சொன்னது. பார்லிமெண்டுக்கு நேரமில்லை! முதலாளிமார்களுக்கு வரிச் சலுகை தர நள்ளிரவிலும் நேரம் கிடைக்கிறது. தாயின் பெயரைத் தகப்பன் பெயருக்குப் பக்கத்தில் எழுத எழுபது வருஷமாக நேரம் கிடைக்கவில்லை.

தாயின் பேரில் காசு அடித்த ஊர்

நம் திருக்கோகர்ணத்துக் கதையையே எடுத்துக்கொள்வோம். இங்கே கோயில் கொண்ட பிரகதாம்பாள்தான் தொண்டைமான் அரசர்களின் குலதெய்வம். தங்களை அம்பாளின் தாசர்கள் என்று சொல்லிக்கொண்டார்கள். அம்மன் உருவம் பொறித்த அம்மன் காசு இந்தச் சமஸ்தானம் முழுவதும் புழங்கியது. தாயின் பேரில் நாடு நடந்ததாம்!

ஆனால் உயிருள்ள தாயும் பிள்ளையும் என்று வந்தபோது என்ன நடந்தது? மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் 1915-ல் ஆஸ்திரேலியப் பெண் மாலி பிங்கை மணந்தார். 1916-ல் மகன் பிறந்தான். வெள்ளைக்கார சர்க்கார் அந்தத் தாயை ராணியாக ஏற்கவில்லை. அந்தப் பிள்ளையை வாரிசாகவும் ஏற்கவில்லை. 1928-ல் ராஜா பாரிசில் இறந்ததும், குடும்பத்தின் வேறு கிளையிலிருந்து ஆறு வயதுச் சிறுவன் ஒருவனை ஏகாதிபத்தியம் தேர்ந்தெடுத்துச் சிம்மாசனத்தில் உட்கார வைத்தது. அவன் பெரியவனாகும் வரை நிர்வாகம் சர்க்காருக்கு இசைந்தவர்கள் கையில். எந்தப் பிள்ளை யாருடைய பிள்ளை என்பதைப் பாசமா தீர்மானித்தது? ராஜ்யமும் கஜானாவும் தீர்மானித்தன.

கார்டியன் சட்டம் என்ற சரக்கே அப்படி வந்ததுதான். ஜமீன்தார் இறந்து மைனர் பிள்ளை நின்றால், எஸ்டேட்டை நடத்தக் "கோர்ட் ஆஃப் வார்ட்ஸ்" என்று ஓர் இலாகாவே வைத்திருந்தார்கள். 1890-ம் வருஷச் சட்டத்தைப் புரட்டிப் பாருங்கள். பிள்ளையின் உடலுக்கு ஒரு கார்டியன், சொத்துக்கு ஒரு கார்டியன் என்று பிரித்து, சொத்தை விற்பது எப்படி, அடமானம் வைப்பது எப்படி, கணக்குக் காட்டுவது எப்படி என்று பக்கம் பக்கமாகப் பேசுகிறது. சொத்துள்ள பிள்ளைக்காகத் தைத்த சட்டை அது. சொத்தில்லாத பிள்ளைக்கு அதை மாட்டினால் எப்படிப் பொருந்தும்?

அப்பீல் யாருக்காக என்பதற்கும் நம் தமிழ் நாட்டிலேயே பழைய சாட்சி இருக்கிறது. ஜே. கிருஷ்ணமூர்த்தியும் அவர் தம்பியும் சிறுவர்களாக இருந்தபோது, தகப்பனார் நாராயணய்யா 1910-ல் அன்னி பெசண்ட் அம்மையாரிடம் கார்டியன் பொறுப்பை எழுதிக் கொடுத்தார். பிறகு மனம் மாறி, 1912-ல் பிள்ளைகளைத் திருப்பிக் கேட்டு வழக்குப் போட்டார். செங்கல்பட்டில் ஆரம்பித்தது, மதராஸ் ஹைகோர்ட்டுக்கு மாறியது. 1913-ல் தகப்பன் ஜெயித்தார். அப்பீலிலும் ஜெயித்தார். பெசண்ட் அம்மையார் லண்டன் பிரிவி கவுன்சிலுக்குப் போனார். 1914-ல் அங்கே தீர்ப்பு தலைகீழானது. பிள்ளைகள் இருந்ததோ இங்கிலாந்தில். இரண்டு கோர்ட்டில் ஜெயித்தும் தகப்பன் கைக்குப் பிள்ளை வரவில்லை. யார் பக்கம் நியாயம் என்ற விவாதத்துக்கு நாம் போகவில்லை. கப்பலேறி லண்டனுக்குப் போகக் கூடியவருக்கு மூன்றாவது வாசல் திறந்தது என்பதைத்தான் சொல்கிறோம். பெயர் மாறியிருக்கிறது, ஊர் மாறியிருக்கிறது. வாசல் இன்னும் அதே அகலம்தான்.

மதுரைக்கு வழி எது?

குடும்ப நீதிமன்றச் சட்டம் 1984-ல் வந்தது. சிக்கலில்லாமல், செலவில்லாமல், வக்கீல் சண்டை இல்லாமல் குடும்ப வழக்குகளைத் தீர்க்கப்போவதாகச் சொன்னார்கள். ஆனால் 10 லட்சத்துக்கு மேல் ஜனத்தொகை உள்ள நகரத்தில்தான் அப்படிப்பட்ட கோர்ட்டைக் கட்டாயம் வைக்க வேண்டும் என்று எழுதினார்கள். மற்ற இடத்தில் சர்க்காரின் இஷ்டம். ஆக, சட்டம் எழுதும்போதே வயல்காட்டு ஜில்லாக்களை வாசலுக்கு வெளியே நிறுத்திவிட்டார்கள்.

வக்கீல் வைக்க யாருக்கும் உரிமையாக இடமில்லை என்கிறது அதே சட்டம். கோர்ட்டு அனுமதித்தால் வைக்கலாம். நடப்பு என்ன? காசுள்ளவன் அனுமதி வாங்கி வக்கீலோடு நிற்கிறான். காசில்லாதவள் "சட்டப்படி" தனியாக நிற்கிறாள்.

தீர்ப்பு பாதகமாக வந்தால் 30 நாளுக்குள் ஹைகோர்ட்டில் அப்பீல் போட வேண்டும். இரண்டு நீதிபதிகள் கொண்ட பெஞ்சு விசாரிக்கும். புதுக்கோட்டை ஜில்லாவுக்கு ஹைகோர்ட் என்றால் 2004-ல் திறந்த மதுரைக் கிளை. முன்பு சென்னைக்கு ஓட வேண்டியிருந்தது. இப்போது நூறு கிலோமீட்டருக்குக் கொஞ்சம் மேல். நல்லதுதான். ஆனால் கூலிக்காரிக்கு அந்த நூறு கிலோமீட்டர் என்ன விலை? திருக்கோகர்ணத்திலிருந்து புதுக்கோட்டை கோர்ட்டுக்கு டவுன் பஸ்ஸில் காசில்லாமல் போகலாம்; மதுரை பஸ்ஸில் முடியாது. தீர்ப்பு நகல் எடுக்கச் செலவு. ஆவணங்களை இங்கிலீஷில் பெயர்க்கச் செலவு. டைப் அடிக்க, பைண்டு செய்ய, வக்கீல் குமாஸ்தாவைப் பார்க்கச் செலவு. ஒரு நடவுப் பருவத்துக் கூலி முழுவதும் காகிதத்திலேயே கரைந்துவிடும்.

இன்னொரு கொடுமை. கீழ்க்கோர்ட்டில் தமிழில் வாக்குமூலம் கொடுத்தாள். ஹைகோர்ட்டு மொழி இங்கிலீஷ். ஹைகோர்ட்டில் தமிழ் வேண்டும் என்று 2006-ல் தமிழக சட்டசபை தீர்மானம் போட்டது. டில்லி இன்றுவரை இசையவில்லை. தன் வயிற்றில் பிறந்த பிள்ளையைப் பற்றித் தன் கண் முன்னால் இரண்டு பேர் வாதாடுவார்கள். அவளுக்கு ஒரு வார்த்தையும் புரியாது. விலைக்கு வந்த மாட்டின் முன்னால் தரகர்கள் துண்டுக்கடியில் விரல் பிடித்துப் பேசுகிற மாதிரி!

இதற்கெல்லாம் மேல் ஒரு சூட்சுமம் இருக்கிறது. வழக்கு முடியும்வரை பிள்ளை யாரிடம் இருக்கட்டும் என்று கோர்ட்டு போடுவது இடைக்கால உத்தரவு. இந்தச் சட்டத்தின் அப்பீல் பிரிவு இடைக்கால உத்தரவை விட்டுவிடுகிறது. ஹைகோர்ட்டில் வேறு வகை மனுப் போட்டுத்தான் பார்க்க வேண்டும். வாய்தாதான் தீர்ப்பு என்று முன்பே சொன்னோம். அந்த வாய்தாக் காலம் முழுவதும் பிள்ளை யார் பாயில் படுத்துத் தூங்கும் என்பதைத் தீர்மானிக்கிற உத்தரவுக்கு நேரான அப்பீல் இல்லை! எல்லாம் முடிந்து, பிள்ளை முகம் மறந்த பிறகு வருகிற தீர்ப்புக்குத்தான் அப்பீல்!

வேலைக்குப் போனாலும் குற்றம், போகாவிட்டாலும் குற்றம்

கூண்டில் ஏறிய தாயிடம் கேட்கப்படும் கேள்விகளைப் பாருங்கள்.

"உனக்கு என்ன வருமானம்?"

"கூலி வேலைங்க."

"வேலைக்குப் போனால் பிள்ளையை யார் பார்ப்பார்கள்?"

"வேலைக்குப் போகலைங்க, எங்க அம்மா வீட்டில் இருக்கேன்" என்று சொல்லியிருந்தால்? "அப்படியானால் எதைப் போட்டு வளர்ப்பாய்?"

எந்தப் பக்கம் திரும்பினாலும் கதவு சாத்தியிருக்கிறது. இதே கேள்வியைத் தகப்பனிடம் கேட்டால் "எங்க அம்மா பார்த்துக்கொள்வார்" என்கிறான். அந்தப் பதில் செல்லுகிறது. அவன் வீட்டுக் கிழவி வேலை செய்தால் அது குடும்பப் பாசம். இவள் வீட்டுக் கிழவி வேலை செய்தால் அது வசதிக் குறைவு!

வசதி அதிகமுள்ள இடமே பிள்ளைக்கு நலன் என்று ஒரு வாதம் நடமாடுகிறது. மாடி வீடு, கார், இங்கிலீஷ் பள்ளிக்கூடம் என்று பட்டியல் போடுகிறார்கள். இந்த வாதத்தை முழுசாக ஏற்றால் ஏழைகள் யாரும் பிள்ளை வளர்க்கவே கூடாது! நாட்டின் உழைப்பாளி மக்கள் எல்லோரும் பிள்ளைகளைப் பணக்காரர் வாசலில் விட்டுவிட்டுப் போகட்டும் என்று சொல்லிவிடலாமே! 1973-ல் மதராஸ் தம்பதி ஒருவரின் வழக்கில், ரோசி ஜேக்கப் வழக்கில், சுப்ரீம் கோர்ட்டே தெளிவாகச் சொன்னது: பிள்ளைகள் வெறும் உடைமைகள் அல்ல, பெற்றோரின் விளையாட்டுச் சாமான்களும் அல்ல. உடைமை அல்ல என்றால், உடைமை அதிகமுள்ளவனிடம் போய்ச் சேர வேண்டும் என்ற கணக்கு எங்கிருந்து வந்தது?

உழைக்கும் தாய் பிள்ளையை வைத்துக்கொள்ள முடியாத நிலையை உண்டாக்கியது யார்? 30 பெண்களுக்கு மேல் வேலை செய்கிற ஆலையில் பிள்ளைக் காப்பகம் வைக்க வேண்டும் என்று 1948-ம் வருஷத் தொழிற்சாலைச் சட்டம் கட்டளையிட்டது. ஆலைக்காரர்கள் எத்தனை பேர் ஒழுங்காக வைத்தார்கள் என்று மில் தொழிலாளிப் பெண்களைக் கேளுங்கள். தொட்டில் கட்டும் கடமையை முதலாளி கைகழுவினான். தொட்டில் இல்லை என்பதைக் காட்டிக் கோர்ட்டில் தாயின் கையிலிருந்து பிள்ளை போகிறது. முதலாளியின் குற்றத்துக்குத் தாய்க்குத் தண்டனை!

"இப்போதெல்லாம் தாய்க்குத்தான் பிள்ளையைத் தருகிறார்கள், தகப்பன்மார் பாவம்" என்று ஒரு பேச்சும் கேட்கிறது. தகப்பனும் மனிதன்தான், அவனுக்கும் நெஞ்சு உண்டு. திருப்பூரிலோ மலேசியாவிலோ கடனுக்காக உழைத்துக்கொண்டு, மாதக் கணக்கில் பிள்ளை முகம் காணாத ஏழைத் தகப்பனும் இந்த இயந்திரத்தில் அரைபடுகிறவன்தான். பிள்ளையைப் பார்க்கக் கோர்ட்டு தரும் மணி நேரத்துக்காக ராத்திரி ஷிப்டு முடித்து பஸ் பிடித்து வருகிறவனை நாம் மறக்கவில்லை. இருவரும் சேர்ந்து வளர்க்கும் முறை வேண்டும் என்று சட்டக் கமிஷன் 2015-ல் சிபாரிசு செய்தது. நல்ல யோசனை. ஆனால் ஆளுக்கு ஒரு வீடும் ஒரு சம்பளமும் உள்ளவர்களுக்குத்தான் அது நடக்கும். ஒண்டுக்குடித்தனத்தில் இருப்பவர்களுக்கு முதலில் கூலியும் குடியிருப்பும் வேண்டும். பிறகுதான் பாதிப் பாதி என்ற பேச்சு.

கைநாட்டு வைத்தால் பிள்ளை போய்விடுமா?

ஊர்ப் பஞ்சாயத்தில், "இனி பிள்ளை மேல் எனக்குப் பாத்தியதை இல்லை" என்று முத்திரைத்தாளில் எழுதி, அழுதுகொண்டிருக்கும் பெண்ணின் கையைப் பிடித்துக் கையெழுத்து வாங்குகிறார்கள். மாடு விற்ற சீட்டு மாதிரி! "எழுதிக் கொடுத்துவிட்டாய், இனி கோர்ட்டுக்குப் போனாலும் செல்லாது" என்று பயமுறுத்துகிறார்கள்.

பொய்! நூறு வருஷத்துக்கு முன்னால், நாம் மேலே சொன்ன அந்தக் கிருஷ்ணமூர்த்தி வழக்கிலேயே பிரிவி கவுன்சில் சொல்லிவிட்டது: கார்டியன் பொறுப்பு என்பது புனிதமான பொறுப்பு, பிள்ளையை வளர்க்கும்படி பிறரிடம் ஒப்படைத்தாலும், அந்த அதிகாரம் திரும்பப் பெறக்கூடியதுதான். பெற்றவர் எழுதிக்கொடுத்த காகிதம் பிள்ளையின் நலனைவிடப் பெரியதல்ல. மறுமணம் செய்துகொண்ட தாய்க்குப் பிள்ளை கிடையாது என்பதும் சட்டமல்ல, ஊர்க்கட்டுப்பாடு. ஒருமுறை தோற்றால் என்றென்றும் தோல்வி என்பதும் பொய். பிள்ளையைப் பற்றிய உத்தரவு கல்வெட்டு அல்ல. நிலைமை மாறினால் மாற்றக் கேட்கலாம்.

1991-லும் 92-லும் அறிவொளி இயக்கத்தில், கல் உடைக்கும் பெண்களும் கூலிப் பெண்களும் ராத்திரி விளக்கில் எழுத்துப் படித்த ஜில்லா இது. சைக்கிள் மிதிக்கக் கற்று, ஊர்ப் பெரிய மனிதர்களின் கேலியை மிதித்துக்கொண்டு போன பெண்களின் ஜில்லா இது. அந்தத் தாய்மார்களின் பெண்களும் பேத்திகளும் படிக்காத காகிதத்தில் கையெழுத்துப் போடலாமா?

நம் ஆண்களுக்கு ஒரு வார்த்தை

தோழர்களே, கோபம் வந்தாலும் இதைச் சொல்லியே தீர வேண்டும். ஆலை வாசலில் முதலாளியின் அடக்குமுறையை எதிர்த்துக் கொடி பிடிக்கிற கை, வீட்டுக்குள் பெண்டாட்டி மேல் ஓங்கலாமா? ஜீவனாம்சம் கேட்டாள் என்ற ஒரே காரணத்துக்காகப் "பிள்ளையைப் பிடித்து வைத்துக்கொள், தானாக மடங்குவாள்" என்று யோசனை சொல்கிறவன் யாராயிருந்தாலும் அவன் பண்ணையாரின் வேலையைச் செய்கிறான். கூலி உயர்வு கேட்டவனின் மாட்டைப் பட்டியில் அடைத்த பழைய தந்திரம்தான் இது. பிள்ளையைப் பிணை வைத்து ஜெயிக்கிறவன் வீரனல்ல. சங்கத்தில் இருப்பவர்கள் இப்படி நடந்தால், "குடும்ப விஷயம்" என்று நாம் வாயை மூடிக்கொண்டிருக்கக் கூடாது.

இருக்கிற உரிமையைப் பறித்து எடுப்போம்

புதிய சட்டம் வரும்வரை கையைக் கட்டிக்கொண்டிருக்க வேண்டியதில்லை. இருக்கிற சட்டத்திலேயே சிலவற்றை நம்மிடமிருந்து மறைத்துவைத்திருக்கிறார்கள்.

1987-ம் வருஷச் சட்டப் பணிகள் சட்டத்தின் 12-வது பிரிவின்படி, பெண்ணுக்கும் குழந்தைக்கும் வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் தர வேண்டும். தாழ்த்தப்பட்ட, பழங்குடி மக்களுக்கும் அப்படியே. ஆலைத் தொழிலாளிக்கும் அதே பிரிவில் உரிமை உண்டு, ஆணானாலும் உண்டு. தாலுகாவிலிருந்து மதுரை ஹைகோர்ட்டு வரை இதற்கென்று குழுக்கள் இருக்கின்றன. 15100 என்ற எண்ணில் கூப்பிட்டும் கேட்கலாம். இது தர்மமல்ல, பாத்தியதை. "வக்கீல் பீஸ் இல்லை, அதனால் அப்பீல் போடவில்லை" என்று எந்தத் தாயும் சொல்லும்படி விடக்கூடாது.

அடி உதை உள்ள வீடானால், 2005-ம் வருஷக் குடும்ப வன்முறைச் சட்டத்தின்படி மாஜிஸ்டிரேட்டே பிள்ளையைத் தற்காலிகமாகத் தாயிடம் ஒப்படைக்க உத்தரவிடலாம். மூன்று நாளுக்குள் முதல் விசாரணை, 60 நாளுக்குள் மனுவை முடிக்க முயல வேண்டும் என்று அந்தச் சட்டமே கெடு வைத்திருக்கிறது. கெடுவைக் கோர்ட்டுக்கு நினைவூட்ட வேண்டியது நம் வேலை.

நம் கோரிக்கைகள்

6-வது பிரிவைத் திருத்து. தாயும் தகப்பனும் சமமான கார்டியன்கள் என்று எழுது!

பிள்ளை வழக்கில் இடைக்கால உத்தரவை இரண்டு வாரத்துக்குள்ளும், தீர்ப்பை ஆறு மாதத்துக்குள்ளும் தரக் கெடு வை! காரணமில்லாமல் வாய்தா கேட்பவன், எதிரே நிற்கும் கூலிக்காரியின் அன்றையக் கூலியைக் கட்டட்டும்!

அறந்தாங்கியிலும் ஆலங்குடியிலும் கந்தர்வகோட்டையிலும் குறிப்பிட்ட நாட்களில் குடும்ப நீதிமன்றம் வந்து உட்காரட்டும்! சாட்சிக்குப் படி உண்டென்றால் பிள்ளை கேட்டு வரும் ஏழைக்கும் படி கொடு!

அப்பீல் விசாரணையை உள்ளூர்க் கோர்ட்டிலிருந்தே பார்க்கவும் பேசவும் வழி செய்! விசாரணையும் தீர்ப்பும் தமிழில் வேண்டும்!

ஆலைதோறும் பிள்ளைக் காப்பகம்! அங்கன்வாடியின் நேரம் தாயின் வேலை நேரத்தோடு பொருந்தட்டும்! கோர்ட்டுத் தேதிக்குச் சம்பளத்துடன் லீவு!

இவை அதிகமா? நிலவரி பாக்கிக்கு ஜப்தி செய்ய ஒரே நாளில் ஆள் அனுப்பத் தெரிந்த சர்க்காருக்கு, தாயிடம் பிள்ளையைச் சேர்க்க மட்டும் வழி தெரியாதா? தெரியும். செய்ய வைக்கிறவர்கள் இல்லாததால் செய்யவில்லை. எட்டு மணி நேர வேலையும் யாரும் மனமிரங்கிக் கொடுத்ததல்ல.

ஆகவே ஆலைவாசல் கூட்டத்திலும் வயற்காட்டுக் கூட்டத்திலும் கூலியைப் பற்றிப் பேசும்போது இதையும் பேசுங்கள். கோர்ட்டுத் தேதிக்குப் போகிற பெண்ணோடு சங்கத்திலிருந்து இரண்டு பேர் கூடப் போங்கள். அவள் தனியாக நிற்கும்வரைதான் வாய்தா நீளும். அவளுக்குப் பின்னால் பத்துப் பேர் நிற்கிறார்கள் என்று தெரிந்தால், நோட்டீசும் சார்வாகும், வக்கீலும் வருவார், தேதியும் சுருங்கும். உழைப்பாளியின் பிள்ளை அனாதையல்ல!